பிலிப் ஆன்: ஹாலிவுட் வீணடித்த கதாநாயகன்

1945இல் வந்த 'பேக் டு பட்டான்' படத்தில் ஹாலிவுட் நாயகன் ஜான் வேய்னின் எதிரணியில் ஜப்பானியக் கர்னலாக வருகிறவர் ஜப்பானியர் அல்லர், கொரியர். அதுவும் அன்று ஜப்பானின் ஆட்சியில் இருந்த கொரியாவின் விடுதலைக்குப் போராடி, ஜப்பானின் சிறையில் உடல் நலிந்து 1938 மார்ச்சில் இறந்த ஆன் சாங்ஹோவின் மூத்த மகன். பெயர் பிலிப் ஆன்.

தந்தையின் உயிரைக் குடித்த படையின் சீருடையை மாட்டிக்கொண்டு சம்பளம் வாங்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. எனக்கு அந்தக் கேள்வியே பிடிக்கவில்லை. கொரியாவில் ஜப்பானியர்கள் செய்த கொடுமை என்னவென்று அமெரிக்கர்களில் பெரும்பாலோருக்கு அன்று தெரியாது. பிலிப்புக்குத் தன் வீட்டின் இழப்பாகவே அது தெரியும். அந்தக் கொடுமையைத் திரையில் காட்ட அவரைவிட உரிமை உள்ளவர் யார்? அவரை நிஜமாகவே ஜப்பானியர் என்று நம்பிய ரசிகர்கள் கொலை மிரட்டல் விடுத்தார்கள். அதே இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் அவருடைய தங்கை சூசன் அமெரிக்கக் கடற்படையில் சேர்ந்து, பீரங்கிப் பயிற்சி அளிக்கும் அதிகாரியாக இருந்தார். என் கண்ணில் அண்ணனும் தங்கையும் ஒரே போரில்தான் இருந்தார்கள்.

என் கோபமெல்லாம் ஸ்டூடியோக்கள் மீதுதான். பிலிப் 1905இல் லாஸ் ஏஞ்சல்ஸில் பிறந்து, அங்கேயே வளர்ந்தவர். ஆனால் 1936இல் 'எனிதிங் கோஸ்' படத்துக்கு வாய்ப்புக் கேட்டுப் போனபோது, ஆங்கிலம் மிக நன்றாக இருக்கிறது என்பதற்காகவே இயக்குநர் லூயிஸ் மைல்ஸ்டோன் அவரை முதலில் வேண்டாம் என்றார். பிறகு கொச்சை ஆங்கிலத்தில் பேசிக்காட்டித்தான் அந்த வேடத்தைப் பெற முடிந்தது. தாய்மொழி போலப் பேசுகிற மொழியைத் திக்கித் திணறிப் பேசிக்காட்டச் சொல்வது எவ்வளவு பெரிய அவமதிப்பு!

அடுத்த ஆண்டு அவருக்கு ஒரே ஒரு நல்ல கதவு திறந்தது. பாரமவுண்ட் தயாரித்த 'டாட்டர் ஆஃப் ஷாங்காய்'. சிறிய பட்ஜெட், ஒரு மணி நேரம்தான் ஓடும். நாயகி அவருடைய சிறு வயதுத் தோழி அன்னா மே வோங். பிலிப், ஆட்கடத்தல் கும்பலைத் தேடும் அரசாங்க அதிகாரி. சரளமாகப் பேசுகிறார், சண்டை போடுகிறார், முடிவில் நாயகியிடம் திருமணம் செய்துகொள்வோமா என்று கேட்கிறார். ஆசிய வம்சாவளியினர் இருவர் நாயகனும் நாயகியுமாக வந்து சேர்ந்து வாழப் போகிறார்கள் என்று முடிவதெல்லாம் அன்றைய ஹாலிவுட்டில் அபூர்வத்திலும் அபூர்வம்.

அதே 1937இல் எம்ஜிஎம் ஸ்டூடியோவின் 'தி குட் எர்த்' வந்தது. சீன விவசாயி, அவன் மனைவி ஆகிய இரண்டு பெரிய வேடங்களும் சீனர்போல ஒப்பனை போட்டுக்கொண்ட வெள்ளையர்களான பால் முனிக்கும் லூயிஸ் ரைனருக்கும் போயின. ரைனருக்கு ஆஸ்கர் விருதும் கிடைத்தது. அந்தப் படத்தில் பிலிப்பும் இருக்கிறார், பெயர்ப் பட்டியலில் இடம்பெறாத ஒரு துணுக்கு வேடத்தில். நாயகனாக நடிக்க முடியும் என்று நிரூபித்த பிறகும் அவருக்கு வந்தவை பெரும்பாலும் வேலைக்காரர், ராணுவ அதிகாரி, ஒற்றர், வைத்தியர் வேடங்களே. சீனராக, ஜப்பானியராக எத்தனையோ முறை நடித்தவருக்குக் கொரியராக நடிக்கக் கிடைத்த வாய்ப்புகள் மிகக் குறைவு. 1957இல் வந்த 'பேட்டில் ஹிம்' படத்தின் முதியவர் வேடம் அவற்றில் ஒன்று.

எழுபதுகளில் 'குங் ஃபூ' தொலைக்காட்சித் தொடர் அவரை வீடுதோறும் கொண்டு சேர்த்தது. தற்காப்புக் கலைக்குப் பேர்போன சீனாவின் ஷாவோலின் மடத்தின் தலைவர் கான் அவர்தான். அந்த அமைதியும் அதிகாரமும் நாற்பது ஆண்டுக் காத்திருப்பில் பழுத்தவை. ஆனால் பாதிச் சீனனான நாயகனாக அங்கேயும் நடித்தவர் வெள்ளையரான டேவிட் கராடின்!

1978இல் பிலிப் இறந்தார். திரைக் கலைஞர்களைக் கௌரவிக்கும் ஹாலிவுட் நடைபாதையில் அவர் பெயருக்கு ஒரு நட்சத்திரம் பதிக்க 1984 வரை ஆயிற்று. அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பலரும் மடத்தின் குருவிலிருந்தே தொடங்குகிறார்கள். 'டாட்டர் ஆஃப் ஷாங்காய்' படத்திலிருந்து தொடங்குங்கள் என்பதே என் வேண்டுகோள். 2006இல், பாதுகாக்க வேண்டிய படங்களைத் தேர்ந்தெடுக்கும் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் அதைச் சேர்த்துவிட்டார்கள். ஒரு மணி நேரம் ஒதுக்கிப் பாருங்கள். பார்த்துவிட்டு, இந்த மனிதருக்கு அடுத்த நாயக வேடத்தைக் கொடுக்காமல் இருக்க என்ன நியாயம் இருந்தது என்று எனக்குச் சொல்லுங்கள்.