வெபர் சொன்னது அது அல்ல

செட்டிநாட்டு வீடுகளின் படங்களோடு ஒரு வாசகம் இங்கே சுற்றிவருகிறது: புராட்டஸ்டண்ட் சமயம்தான் முதலாளித்துவத்தை உண்டாக்கியது என்றார் ஜெர்மன் சமூகவியலாளர் மாக்ஸ் வெபர், பர்மா வரை வட்டிக்கடை நடத்திய நகரத்தார் அதைப் பொய்யாக்கிவிட்டார்கள்.

நானும் காரைக்குடிக்காரன்தான், பெருமை எனக்கும் உண்டு. ஆனால் வெபர் அப்படிச் சொல்லவில்லை. 1904-05இல் கட்டுரைகளாக வந்த ‘புராட்டஸ்டண்ட் அறமும் முதலாளித்துவ உணர்வும்’ (The Protestant Ethic and the Spirit of Capitalism) என்ற நூலில், முதலாளித்துவப் பொருளாதாரமே 16ஆம் நூற்றாண்டில் மார்ட்டின் லூதர் தொடங்கிவைத்து, புராட்டஸ்டண்ட் சபைகள் பிறக்கக் காரணமான சமயச் சீர்திருத்தத்தின் படைப்பு என்று வாதிடுவது மடமை என்றே எழுதுகிறார். சீனாவிலும் இந்தியாவிலும் பாபிலோனிலும் முதலாளித்துவம் இருந்தது என்றும் ஒப்புக்கொள்கிறார். அவருடைய கேள்வி குறுகியது: தொழிலையே கடமையாக எண்ணி, ஈட்டியதை அனுபவிக்காமல் சேர்த்துக்கொண்டே போகும் மனப்பாங்கு மேற்கு ஐரோப்பாவில் உருவானதில் சமயத்துக்கு என்ன பங்கு?

ஆகவே, நம் முன்னோர் கடல் கடந்து கொடுக்கல் வாங்கல் செய்தார்கள் என்பது மட்டும் அவருக்கு மறுப்பாகாது. எங்கள் ஐயாவின் ஐந்தொகை ஏடு இன்னும் பெட்டியில் இருக்கிறது. மை மங்கிவிட்டது, காசுக் கணக்கு மட்டும் பிசகவில்லை. அந்த ஏட்டை வைத்து வெபரிடம் வேறு கேள்விகள் கேட்கலாம், அது தனிக்கதை.

சரிபார்க்க நினைப்பவர்கள் டால்கட் பார்சன்ஸ் 1930இல் வெளியிட்ட ஆங்கில மொழிபெயர்ப்பை நூலகத்தில் கேட்டு வாங்குங்கள். லூதரைப் பற்றிய மூன்றாம் இயலின் இறுதியைப் படியுங்கள். சீனா, இந்தியா பற்றிய வரி அதற்கு முந்தைய இயலில் இருக்கிறது. இரண்டுக்கும் சேர்த்து ஒரு மாலைப்பொழுது போதும்.