பலிக் கிணறு மட்டும்தானா செனோட்டே?
"செனோட்டேகள் என்பவை மாயர்கள் மனிதர்களைப் பலியிட்ட கிணறுகள்" என்று கட்டுரையில் போகிற போக்கில் எழுதியிருப்பதை ஏற்க முடியவில்லை. மெக்சிகோவின் பூர்வகுடிகளான மாயர்களின் பழைய நகரம் சிச்சென் இட்சா; அதன் புனிதச் செனோட்டேயிலிருந்து மனித எலும்புகளும் தங்கப் பொருட்களும் எடுக்கப்பட்டது உண்மைதான். ஆனால் அதே ஊரில் ஷ்டோலோக் என்று இன்னொரு செனோட்டே இருக்கிறது, மக்கள் தண்ணீர் எடுத்தது அதில். அந்த ஊர் இருக்கும் யுகடான் தீபகற்பத்தின் வடபகுதியில் தரைக்கு மேலே ஓடும் ஆறு என்று எதுவும் இல்லை. பூராவும் சுண்ணாம்புப் பாறை, பெய்கிற மழை உள்ளே இறங்கிவிடும். அடியிலுள்ள குகைகளின் பாறைக் கூரை இடிந்து விழுந்த இடங்களில்தான் தண்ணீர் கைக்கு எட்டும், அவைதான் செனோட்டேகள். ஊர்களும் அதையொட்டியே எழுந்தன. கான்கூன் கடற்கரை நகரத்திலிருந்து நாங்கள் போன ஒருநாள் சுற்றுலாவிலும் வழிகாட்டி பலிக் கதையைத்தான் விலாவாரியாகச் சொன்னார், ஷ்டோலோக் பற்றி ஒரு வார்த்தை இல்லை. பிற்பகலில் இக் கில் என்ற செனோட்டேயில் குளித்தோம். ஈரம் சொட்டும் படிகளில் இறங்கினால் மேலிருந்து கொடிவேர்கள் தண்ணீர்வரை தொங்குகின்றன, அண்ணாந்தால் வட்டமாக வானம். அப்படி ஓர் இடத்தைச் சாவோடு மட்டும் சேர்த்துப் பேசுவது வருத்தமாக இருக்கிறது. இங்கே முன்பு கருத்து எழுதிய நண்பர், இறங்கும் முன் ஷவரில் குளிக்கச் சொல்வது வெறும் கெடுபிடி என்கிறார். அப்படி இல்லை நண்பரே. உடம்பில் பூசிய சன்ஸ்கிரீன் கரைந்து கலப்பது அந்தக் குளத்தோடு நிற்காது, யுகடான் மக்கள் இன்றும் குடிக்கும் நிலத்தடி நீரும் அதுவேதான். வெயிலுக்குப் பயந்தால் முழுக்கை நீச்சல் சட்டை போட்டுக்கொள்ளுங்கள்.