அயர்லாந்தின் மண் குடிசைகள்
1840-களின் பஞ்சத்துக்கு முன் அயர்லாந்து ஏழைகள் வெள்ளையடித்த கல் வீடுகளில்தான் வாழ்ந்தார்கள் என்று ஒரு கருத்து வந்திருக்கிறது. மன்னிக்கவும், அது சரியல்ல. 1841 கணக்கெடுப்பு வீடுகளை நான்கு வகுப்பாகப் பிரித்தது. கடைசி வகுப்பு, ஒரே அறை கொண்ட மண் குடிசை. அவை மட்டும் சுமார் 4,91,000. பசி, நோய், நாடுவிட்டுப் போனது, குடியானவர்களை வெளியேற்றிக் கூரையை இடித்தது எல்லாம் சேர்ந்து 1851-இல் ஏறக்குறைய 1,36,000தான் மிஞ்சின. ஆளில்லாத மண்சுவர் மழையில் கரைந்துவிடும், கல்சுவர் நிற்கும். அதனால்தான் இன்று கல் வீடுகளே கண்ணில் படுகின்றன. 1841, 1851 கணக்கெடுப்பு அறிக்கைகள் இரண்டின் ஸ்கேன் பிரதிகளும் இணையத்தில் உள்ளன. நான்காம் வகுப்பு வீடுகளின் எண்ணிக்கையை ஒப்பிட்டுப் பாருங்கள்.