கலர் வந்ததும் டாக்டர் பூமியில் மாட்டிக்கொண்டார்

கலர் வந்த பிறகு டிவியில் விண்வெளி இன்னும் பெரிதாகியிருக்கும் என்றுதான் நினைத்திருந்தேன். பிபிசியின் 'டாக்டர் ஹூ' என்ற அறிவியல் புனைகதைத் தொடரை வரிசையாகப் பார்த்தபோதுதான் புரிந்தது, நடந்தது நேர்மாறு.

1969இல் முடிந்த கடைசிக் கறுப்பு வெள்ளை சீசனில் 44 எபிசோடுகள். 1970 ஜனவரியில் தொடங்கிய முதல் கலர் சீசனில் 25தான். கலரில் எடுப்பதற்கு ஆகும் செலவு அப்படி. அதுவரை கிரகம் கிரகமாகச் சுற்றிய கதாநாயகன் 'டாக்டரை', கதையில் தண்டனை என்று சொல்லிப் பூமிக்கு நாடுகடத்தினார்கள். புதுசு புதுசாகக் கிரகங்களுக்கு செட் போடுவதைவிட இங்கிலாந்துத் தெருவில் கேமராவை வைப்பது மலிவு.

இதை இழப்பு என்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. முதல் கலர் கதையான 'ஸ்பியர்ஹெட் ஃப்ரம் ஸ்பேஸ்' பாருங்கள். ஸ்டுடியோவில் வேலைநிறுத்தம் என்பதால் நாலு எபிசோடையும் வெளியிடங்களில், முழுக்க பிலிமிலேயே எடுத்தார்கள். துணிக்கடை ஜன்னலில் நிற்கும் பொம்மைகள் மெல்ல அசைகின்றன. கண்ணாடி உடைவதைக் காட்டவில்லை, சத்தம் மட்டும்தான். அடுத்து அவை தெருவில் நடக்கின்றன. நாம் தினமும் கடந்துபோகும் கடை மாதிரி இருப்பதால்தான் அது அடிவயிற்றைக் கலக்குகிறது. எந்த அட்டைக் கிரகமும் எனக்கு அந்தப் பயத்தைத் தந்ததில்லை.

எனக்கு வருத்தம் வேறு இடத்தில். நடிகருக்குப் பின்னால் ஒரே நிறத்தில் திரை கட்டி, அந்த நிறம் தெரியும் இடத்திலெல்லாம் வேறு படத்தைப் பொருத்தும் வித்தை கலரோடு வந்தது. பிபிசிக்காரர்கள் சிஎஸ்ஓ என்பார்கள். பறக்கும் தட்டுக்கு அது சரி. 1971இல் 'டெரர் ஆஃப் தி ஆட்டான்ஸ்' கதையில் ஒரு சாதாரண வீட்டுச் சமையலறைக்கே அதைப் பயன்படுத்தினார்கள்! தலைமுடி ஓரத்தில் கோடு நடுங்குகிறது. நாலு அலமாரியும் ஒரு மேசையும் போதாதா?

அமெரிக்காவில் 'ஸ்டார் ட்ரெக்' என்ற விண்வெளித் தொடரின் குழு இதைவிட எளிய வழி கண்டது. சாம்பல் நிறச் சுவரில் ஊதா, பச்சை என்று விளக்கொளியை விழவைத்தார்கள். அதே சுவர், ஒவ்வொரு காட்சியிலும் வேறு இடம்.

இவ்வளவு காசு கொட்டி எடுத்த கலர் டேப்புகள் பலவற்றை பிபிசி பிற்பாடு அழித்தே விட்டது. 'தி மைண்ட் ஆஃப் ஈவில்' கதைக்கு எஞ்சியது வெளிநாட்டு விற்பனைக்கு எடுத்த கறுப்பு வெள்ளை பிலிம்தான். அந்த பிலிமில் கலர் சிக்னலின் தடம் நுண்ணிய புள்ளிகளாகப் பதிந்திருந்தது. ஆறு எபிசோடில் ஐந்துக்கு அந்தப் புள்ளிகளிலிருந்தே கலரை மீட்டு 2013இல் டிவிடி போட்டார்கள். அந்தப் புள்ளிகளை முதலில் கவனித்தவரின் கையைப் பிடித்து நன்றி சொல்ல வேண்டும் எனக்கு.