தாடை மூட்டுச் சத்தம் மூட்டுறையிலிருந்து வருவதில்லை
வாய் திறக்கும்போது தாடை மூட்டில் 'டக்' என்று கேட்டாலே மூட்டுறை (மூட்டைச் சுற்றியுள்ள உறை) கிழிந்துவிட்டதாக இங்குள்ள கட்டுரை சொல்வது தவறு. மூட்டின் நடுவே மெத்தைபோல் இருக்கும் வட்டு முன்னால் நழுவியிருக்க, கீழ்த்தாடை எலும்பின் தலை அதற்கு அடியில் திரும்பப் போய்ச் சேரும்போதுதான் பெரும்பாலும் அந்தச் சத்தம் வருகிறது. வாய் திறப்பின் முதல் 20-25 மில்லிமீட்டர் வரை தலை வட்டுக்கு அடியில் சுழலும். அதற்கு மேல் திறக்க வட்டும் தலையும் சேர்ந்து முன்னோக்கிச் சரிய வேண்டும். அதனால்தான் உறை வட்டுக்கு மேலே தளர்வாகவும், கீழே எலும்பின் கழுத்தருகே இறுக்கமாகவும் இருக்கிறது. இதற்குச் சிகிச்சை வேண்டுமா என்று மேலே கேட்டிருந்த பினாங்கு அன்பருக்கு: வலியில்லாத சத்தத்துக்குச் சிகிச்சை தேவையில்லை. வலித்தால் சோத்தோங் பாக்கார் (சுட்ட கணவாய்) மாதிரியானவற்றை இழுத்து மெல்லுவதைச் சில வாரம் நிறுத்துங்கள். சத்தம் திடீரென நின்று, வாய் இரண்டு விரல் அகலத்துக்கு மேல் திறக்கவில்லையென்றால் குணமாகிவிட்டது என்று நினைக்காதீர்கள்; வட்டு முன்னாலேயே சிக்கியிருக்கலாம், தாமதிக்காமல் பல் மருத்துவரிடம் காட்டுங்கள்.