எலிக்கு எதற்கு ஓடிபி?

ஒரு கேமிங் மவுஸ் வாங்கியது குற்றமா? டவுன்ஹால் ரோட்டில் பேரம் பேசி வாங்கிவந்து செருகினால், முதலில் லாகின் பண்ணு என்கிறது அதன் சாஃப்ட்வேர். எலிக்கு எதற்கய்யா ஓடிபி?

சரி, பண்ணியாச்சு. துப்பாக்கி கேமுக்கு டிபிஐ (அதாவது, கை அசைவுக்கு அம்புக்குறி ஓடும் வேகம்) 800, கட்டடம் கட்டும் கேமுக்கு 1600, சைடு பட்டனில் குண்டு வீச ஒரு மேக்ரோ, அதாவது ஒரே அமுக்கில் ‘ஜி’ கீயை நாலு தடவை தட்டிவிடும் ஏற்பாடு. ஞாயிற்றுக்கிழமை முழுக்க இதற்கே போனது. ஒவ்வொரு கேமுக்கும் இந்த செட்டிங்கெல்லாம் சேர்ந்தது ஒரு ப்ரொஃபைல்; கேமைத் திறந்தால் அது தானாக மாறிக்கொள்ளுமாம். மாறியது. திரும்பி வரத்தான் மறந்துவிட்டது! திங்கள் காலை எக்செல்லில் சம்பளப் பட்டியலைத் திறந்து சைடு பட்டனைத் தொட்டேன். அடிப்படைச் சம்பளத்தில் ‘ஜிஜிஜிஜி’ என்று குண்டு விழுகிறது.

கீபோர்டு வேறு கம்பெனி. அதற்குத் தனி சாஃப்ட்வேர், தனி பாஸ்வேர்டு. விளக்கு மட்டும் சித்திரைத் திருவிழா மாதிரி எரிகிறது.

நேற்று ஒரு அப்டேட். எல்லா ப்ரொஃபைலும் காலி. மறுபடி ஒவ்வொன்றாக ஏற்றிக்கொண்டிருந்தேன். அம்மா எட்டிப் பார்த்தார்: “ஏன்டா, விளையாடப் போறேன்னு சொல்லி ரெண்டு மணி நேரமாச்சு. இன்னும் எலியத்தான் உருட்டிக்கிட்டு இருக்கியா?”