வைட் சாக்ஸ்தான் வரலாற்றிலேயே படுமோசமான அணியா?

‘2024 சிகாகோ வைட் சாக்ஸ் அளவுக்கு பேஸ்பால் வரலாற்றில் எந்த அணியும் தோற்றதில்லை’ என்று ஒரு பதிவு சுற்றுகிறது. பாதிதான் சரி.

அந்த அணி 162 ஆட்டங்களில் 121-இல் தோற்றது உண்மை. இடையில் தொடர்ந்து 21 தோல்விகள். பயிற்சியாளரையும் மாற்றிப் பார்த்தார்கள். ஆனால் 121 என்பது 1900-க்குப் பிந்தைய சாதனை மட்டுமே. 1899-இல் கிளீவ்லாந்து ஸ்பைடர்ஸ் 154 ஆட்டங்களில் 134-இல் தோற்றது. அதன் முதலாளிகள் செயின்ட் லூயிஸ் அணியையும் வாங்கி, புகழ்பெற்ற பந்துவீச்சாளர் சை யங் உள்ளிட்ட நல்ல வீரர்களை அங்கே கொண்டுபோய்விட்டார்கள். மிச்சமிருந்தவர்களைப் பார்க்க சொந்த ஊரிலேயே கூட்டம் வரவில்லை. கடைசியில் பெரும்பாலான ஆட்டங்களை வெளியூரில்தான் ஆடினார்கள். பாவம், அது தோற்ற அணி என்பதைவிடத் தோற்கடிக்கப்பட்ட அணி.

வெற்றி விகிதத்தைப் பார்த்தாலும் வைட் சாக்ஸ் கடைசி இல்லை. 41 வெற்றி என்றால் 25.3 சதவீதம். 1962 நியூயார்க் மெட்ஸ் 40 வெற்றி, 120 தோல்வி: சரியாக 25. 1916 பிலடெல்பியா அத்லெடிக்ஸ் (36-117) அதற்கும் கீழே.

இன்னொன்று: 120-ஆவது தோல்விக்குப் பிறகு ஆடிய ஆறு ஆட்டங்களில் வைட் சாக்ஸ் ஐந்தில் ஜெயித்தது. அதைப் பதிவில் யாரும் எழுதவில்லை.